இரண்டு வரிசைச் செங்கல்

என் மனைவி அம்சவள்ளியின் முகத்தை நான் கவராயம் வைத்து அளந்தது, எங்களுக்குக் கல்யாணமாகி ஒன்பது வருஷம் கழித்து, எழுபத்தெட்டாம் வருஷம் தை மாதம். நெற்றியிலிருந்து மூக்கு நுனி வரை ஒரு அளவு, மூக்கு நுனியிலிருந்து தாடை வரை ஒரு அளவு. கையில் முறத்தோடு அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தவள், "கண்ணுல குத்திடாதீங்க" என்று மட்டும் சொன்னாள்.

அரியலூரில் ஒரு பள்ளிக்கூடத்தில் நான் டிராயிங் மாஸ்டர். மற்ற வாத்தியார்களுக்குப் பாடம் முடியவில்லை என்றால் எடுத்துக்கொள்ளும் வகுப்பு என்னுடையது. கணக்கு வாத்தியார் கேட்காமலே எடுத்துக்கொள்வார். அறிவியல் வாத்தியார் கேட்டுவிட்டு எடுத்துக்கொள்வார். அப்படி வருஷக்கணக்காக வராந்தாவில் நின்ற ஒரு மனிதனுக்கு, திருச்சியில் பழைய புத்தகக் கடையில் அட்டை போன ஒரு புத்தகம் கிடைத்தது. அதில்தான் பொன் விகிதம் இருந்தது.

விஷயம் எளியது. ஒரு கோட்டை இரண்டாக வெட்ட வேண்டும். முழுக் கோடு பெரிய துண்டைப் போல் எத்தனை மடங்கோ, பெரிய துண்டும் சின்னத் துண்டைப் போல் அத்தனை மடங்கு இருக்க வேண்டும். அப்படி வெட்டினால் ஒன்று புள்ளி ஆறு ஒன்று எட்டு என்று ஒரு எண் வரும். கிரேக்கக் கோயிலில் இருப்பது இந்த எண்தான், சூரியகாந்திப் பூவில் இருப்பது இதுதான், அழகான மனிதனின் தொப்புள் இருக்கும் இடமும் இதுதான் என்று புத்தகம் அடித்துச் சொன்னது. புத்தகம் விட்டதை நான் சேர்த்தேன். கங்கைகொண்ட சோழபுரத்துக் கோபுரத்தின் காலண்டர் படம் ஒன்றை மேஜையில் போட்டு ஸ்கேல் வைத்தேன். எண் வந்தது. ஸ்கேலை எங்கே ஆரம்பித்து எங்கே முடிப்பது என்பது நம் கையில் இருந்தால் எந்த எண்ணும் வரும் என்பது அப்போது எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தாலும் ஒப்புக்கொண்டிருக்க மாட்டேன்.

எங்கள் பக்கத்துச் சுண்ணாம்புக்கல் குழிகளில் நத்தைக் கல் கிடைக்கும். இங்கே கடல் இருந்த காலத்தில் செத்து, சுருண்டபடியே கல்லாகிப்போன பிராணி. அதையும் அளந்தேன். எண் வரவில்லை. பிராணி மேல்தான் தப்பு என்று முடிவு செய்தேன்.

"பொன் விகிதம், பொன் விகிதம்ங்கறீங்க. என் காதுல கெடக்கிறது பித்தளை" என்றாள் அம்சவள்ளி. அதைச் சொல்லி முடிப்பதற்குள் இரண்டு முறை மூச்சு வாங்கினாள்.

அவளுக்கு இளைப்பு. நாங்கள் குடியிருந்த வாடகை வீட்டுக்குப் பின்னால் சுண்ணாம்புக் காளவாய் ஒன்று இருந்தது. காற்று அந்தப் பக்கமிருந்து அடித்தால் துணிக்கொடியில் காயும் சேலை வெளுக்கும். அவள் முகம் கறுக்கும். மேகம் போட்டாலே நெஞ்சுக்குள் பூனை கத்துவதுபோல ஒரு சத்தம் ஆரம்பிக்கும். படுக்க முடியாது. குந்தி உட்கார்ந்து, முழங்காலில் கைகளை ஊன்றி, தலையை முன்னால் நீட்டி, காற்றைப் பிடித்துப் பிடித்து உள்ளே இழுப்பாள். டாக்டர் மாத்திரை எழுதிய கையோடு, "மாத்திரை கெடக்கட்டும். முதல்ல வீட்டை மாத்துங்க. அடுத்த மழைக்கு இந்த நெஞ்சு தாங்காது" என்றார்.

கீழப்பழுவூர் போகிற ரோட்டில், ஊர் முடிந்து முந்திரிக் கொல்லை தொடங்கும் இடத்தில் மூன்று சென்ட் வாங்கியிருந்தோம். அவள் மூச்சு விட ஒரு வீடு வேண்டும். அவ்வளவுதான் கேள்வி. அந்தக் கேள்விக்கு நான் பதினெட்டுத் தாள்களில் பதில் வரைந்தேன்.

கொத்தனார் ராசாங்கம் என்னைவிடப் பத்து வயது மூத்தவர். அவருடைய அப்பா காலம் வரை அவர்கள் வீட்டில் எல்லோரும் அடுத்தவர் வயலில் இறங்கியவர்கள். இவர்தான் முதலில் கரண்டி பிடித்தவர். அவர் என்னை "சார், நீங்க" என்பார். நான் அவரை "ராசாங்கம், நீ" என்பேன். முகத்தையே அளக்கிற எனக்கு இந்த வித்தியாசம் கண்ணில் படவில்லை. அவர் மனைவி கொளஞ்சியம்மாள் அவரிடமே சித்தாளாக மண் சுமந்தாள். அம்சவள்ளி மட்டும் முதல் நாளே அவளை அக்கா என்று கூப்பிட்டாள்.

ராசாங்கம் என் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இது என்னா சார், நத்தையா?"

"அது விகிதத்தோட வளைவு."

"வூட்டுக்குள்ள வராதுல்ல?"

"வராது. அது தத்துவம். முன்னறை பதிமூணுக்கு எட்டு. பதிமூணை எட்டால வகுத்தா..."

ராசாங்கம் தாளைக் கீழே வைத்துவிட்டார். "எட்டு நல்ல அடி சார். பதிமூணு ஆவாது. மனையடியில பதிமூணு அடி வச்சா வூட்டுல பகை."

"கிரேக்க தேசத்துல ரெண்டாயிரம் வருஷத்துக்கு முந்தியே..."

"அவங்க வூட்டுல எல்லாம் சண்டையே கெடயாதாமா?" என்று கேட்டபடி கொளஞ்சியம்மாள் மண் சட்டியை இறக்கினாள்.

நான் விஞ்ஞானத்தை விட்டுக்கொடுப்பதாக இல்லை. ராசாங்கம் மனையடியை விட்டுக்கொடுப்பதாக இல்லை. அரை மணி நேரம் இரண்டு பேரும் வெயிலில் நின்றோம். கடைசியில் அவர்தான் வழி கண்டார்.

"சுவரு ஒரு அடி கனம் சார். வெளி அளவு பதிமூணுக்கு எட்டு வச்சுக்குங்க. உள்ள தானா பதினொண்ணுக்கு ஆறு வந்துடும். பதினொண்ணும் நல்ல அடி, ஆறும் நல்ல அடி. நீங்க வெளியில நின்னு பாருங்க. உள்ள நாங்க பாத்துக்கறோம்."

கிரேக்கமும் தமிழும் ஒரு சுவரின் இரண்டு பக்கத்தில் சமாதானமாயின. ஆறடி அகலத்தில் மனிதர் எப்படிப் புழங்குவது என்று நாங்கள் யாரும் கேட்கவில்லை. அஸ்திவாரம் எழுந்தபிறகு அம்சவள்ளி வந்து பார்த்தாள். "வூடா, ரயில் பொட்டியா?" என்றாள்.

ஜன்னல்தான் என் மணிமகுடம். முப்பத்து நான்கு அங்குல அகலம், ஐம்பத்தைந்து அங்குல உயரம். தரையிலிருந்து மூன்றடி மேலே. ரோட்டில் போகிறவன் சைக்கிளை நிறுத்திப் பார்க்க வேண்டும். அதைத் தாளில் எழுதி, சிவப்பு மையில் அடிக்கோடு போட்டுக் கொடுத்தேன்.

சுவர் முழங்காலளவு எழுந்த நாளில் நான் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது, அம்சவள்ளி மணல்மேட்டில் உட்கார்ந்திருந்தாள். கொளஞ்சியம்மாள் பக்கத்தில் நின்றாள். ராசாங்கம் ஒரு மூங்கில் குச்சியைக் கையில் வைத்துக்கொண்டு, அதில் கரித்துண்டால் ஏதோ கோடு போட்டுக்கொண்டிருந்தார். வேலை நேரத்தில் மூவரும் கதை பேசுகிறார்கள் என்று எனக்குக் கோபம்.

"டேப் வாங்கிக் குடுத்திருக்கேன். குச்சியால என்ன அளவு?" என்றேன்.

"டேப்பு ரொம்பக் கரெக்ட்டு சார். அதான்" என்றார் ராசாங்கம்.

வீடு முடிந்தது. வெளியே நின்று டேப்பைப் பிடித்தேன். ஜன்னலைச் சுற்றி ராசாங்கம் சுண்ணாம்புப் பூச்சில் நாலு அங்குலத்துக்கு அழகாக ஒரு பட்டை இழுத்திருந்தார். பட்டையின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம் முப்பத்து நான்கு. மேலிருந்து கீழ் ஐம்பத்தைந்து. ஒரு நூல் கூடவில்லை, குறையவில்லை. ஜன்னல் கொஞ்சம் தாழ்வாக இருப்பதுபோலத் தோன்றியது. கேட்டேன். "தரை இன்னும் அமுங்கும் சார்" என்றார். எண் வந்துவிட்ட பிறகு உயரத்தைப் பற்றி எனக்கென்ன? தரை அமுங்கவே இல்லை. நானும் அதற்குப்பின் பார்க்கவில்லை.

அந்த மழைக்காலத்தில் அம்சவள்ளிக்கு இளைப்பு வந்தது; ஆனால் உடனே போயிற்று. அடுத்த வருஷம் வந்ததே எனக்குத் தெரியவில்லை. காலையில் நான் எழுந்திருக்கும்போது அவள் காப்பி போட்டுக்கொண்டிருப்பாள். அவள் முகத்தில் சதை பிடித்தது. சந்தைக்கு நடந்து போனாள். ஒரு நாள் கொல்லையில் அவள் ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டு துணி துவைப்பதைக் கேட்டேன். இத்தனை வருஷத்தில் அவளுக்குப் பாட வரும் என்பதே எனக்குத் தெரியாது.

நன்றி சொல்ல வேண்டும் என்று நெஞ்சு முட்டியது. சொன்னேன், பொன் விகிதத்துக்கு.

பள்ளி ஆண்டு மலரில் ஆறு பக்கக் கட்டுரை எழுதினேன். 'பொன் விகிதமும் மூச்சுக் குழலும்.' சரியான விகிதத்தில் அமைந்த சாளரத்தின் வழியே வரும் காற்று, சுவாசத்தின் இயற்கை லயத்தோடு இசைந்து நோய் தீர்க்கிறது என்று நிறுவியிருந்தேன். உதாரணம், என் இல்லம். நோயாளி, என் இல்லாள். தலைமை ஆசிரியர் அமிர்தலிங்கம் அதை மூன்று முறை படித்தார். அவருக்குப் புரியாத எதையும் அவர் மதிப்பவர். உடனே திருச்சிக்கு, கல்வித் துறையில் ஒரு பெரிய அதிகாரிக்கு மலரை அனுப்பினார். ஞாயிற்றுக்கிழமை நேரில் வந்து சாளரத்தைப் பார்வையிடுவதாக அதிகாரி பதில் போட்டார்.

வியாழக்கிழமை மழை பிடித்தது. வெள்ளிக்கிழமை காலையில் ஜன்னலைச் சுற்றியிருந்த பட்டை மொத்தமாகப் பெயர்ந்து கீழே கிடந்தது.

குடையைப் பிடித்துக்கொண்டு, உள்ளே இருந்த ஓட்டையை முதல்முறையாக அளந்தேன். இருபத்தாறுக்கு நாற்பத்தேழு. வகுத்தேன். ஒன்று புள்ளி எட்டு. மறுபடி வகுத்தேன். எட்டுதான்.

இரண்டு வருஷமாக நான் அளந்தது ஜன்னலை அல்ல, ஜன்னலுக்குப் போட்ட வேஷத்தை.

ராசாங்கத்துக்கு ஆள் அனுப்பினேன். சனிக்கிழமை மத்தியானம் இரண்டு பேரும் வந்தார்கள். நான் கணக்குப் போட்டு வைத்திருந்தேன். அகலம் இருபத்தாறுக்கு உயரம் நாற்பத்திரண்டு இருந்தால் எண் வந்துவிடும். கீழே ஐந்து அங்குலத்தை அடைக்க வேண்டும். இரண்டு வரிசைச் செங்கல்.

"என்னை ஏமாத்திட்டே ராசாங்கம்."

"ஆமாங்க சார்" என்றார். மறுக்காதவரிடம் எப்படிச் சண்டை போடுவது?

"நாளைக்குத் திருச்சியிலேருந்து ஆள் வருது. கீழ ரெண்டு வரிசை வை."

ராசாங்கம் அம்சவள்ளியைப் பார்த்தார். அம்சவள்ளி கொளஞ்சியம்மாளைப் பார்த்தாள்.

"சார், கீழ வேணாமே. மேல வேணா ஏதாச்சும்..."

"மேல கல்லு உத்தரம் இருக்கு. அதுக்கு அடியில செங்கல் நிக்காது. கீழதான்."

"சார் சொன்னா வச்சுடுங்கண்ணே" என்றாள் அம்சவள்ளி. "ஊருக்கெல்லாம் சொல்லிட்டாரு. அவருக்குத் தலைகுனிவா போயிடும்."

"ஏம்மா, உனக்கு?" என்றாள் கொளஞ்சியம்மாள்.

"நான் பாத்துக்கறேன்க்கா."

ராசாங்கம் கலவை குழைத்தார். முதல் வரிசை வைத்தார். இரண்டாவது வரிசை வைத்தார். அவர் கரண்டியின் பின்புறத்தால் ஒவ்வொரு கல்லையும் தட்டுவதைப் பார்த்துக்கொண்டே நான் டேப்பை நீட்டினேன். நாற்பத்திரண்டு. எனக்குத் திருப்தி. வெளியே மேற்கே மேகம் திரண்டது. ஈரக் காற்று புறப்பட்டு வந்தது.

பூனை கத்தும் சத்தம் எனக்குப் பின்னால் கேட்டது.

திரும்பினேன். அம்சவள்ளி அடுக்களையிலிருந்து சுவரைப் பிடித்துக்கொண்டு வந்தாள். என்னைப் பார்க்கவில்லை. நேராக ஜன்னலடிக்கு வந்து தரையில் உட்கார்ந்தாள். உட்கார்ந்த வேகத்தில் இரண்டு முழங்கைகளையும் எடுத்து முன்னால் வைத்தாள். முகத்தை நீட்டினாள். பல நூறு முறை செய்து பழகிய காரியம் என்பது பார்த்தவுடனே தெரிந்தது. முழங்கைகள் போய் வைக்கப்பட வேண்டிய இடத்தில் ஈரச் செங்கல் இருந்தது. தாடை வர வேண்டிய இடத்திலும் செங்கல். கைகளை மேலே தூக்கி வைத்துப் பார்த்தாள். தோள் காதுவரை ஏறியது, மூச்சு ஏறவில்லை. கைகளை இறக்கி முழங்காலில் ஊன்றினாள். முகம் சுவருக்கு நேரே இருந்தது. உதடு நீலம் பாரித்தது.

"அன்னைக்கு மணல்மேட்டுல ஒக்கார வச்சு, அந்தப் புள்ள கை எங்க வருது, தாடை எங்க வருதுன்னு குச்சியில கோடு போட்டு வச்ச ஜன்னலு சார் இது!" என்று கத்தினாள் கொளஞ்சியம்மாள். "வருசம் ரெண்டா அதுல சாஞ்சுதான் இந்தப் புள்ள உசுரு நிக்குது! நீங்க தூங்கிட்டிருப்பீங்க!"

அதன்பிறகு நான் ஒன்றும் கணக்கிடவில்லை. இரண்டு கையாலும் மேல் வரிசையைப் பிடித்து இழுத்தேன். வராதவற்றை முட்டியால் தள்ளினேன். கலவை சட்டையெல்லாம் வழிந்தது. ஒரு கல் என் கால்மேலேயே விழுந்தது. ராசாங்கம் ஒரே எட்டில் வந்து அடி வரிசையைக் கரண்டியால் நெம்பிப் பெயர்த்தார். மிச்சக் கலவையை உள்ளங்கையால் நான் வழித்தெறிந்தேன். அம்சவள்ளியின் முழங்கைகளைத் தூக்கி, ஈரம் போகாத அந்த ஜன்னல் கட்டையில் வைத்தேன். தாடை அதன்மேல் வந்து, அச்சில் வார்த்ததுபோல உட்கார்ந்தது. ஒரு நூல் கூடவில்லை, குறையவில்லை.

கம்பிக்கு அந்தப் பக்கமிருந்து முந்திரிக் கொல்லைக் காற்று வந்தது. அவள் இழுத்தாள். பாதிதான் போயிற்று. மறுபடி இழுத்தாள். நான் அவள் முதுகில் கையை வைத்துக்கொண்டு, வாழ்க்கையில் முதல்முறையாக, எண்ணாமல் உட்கார்ந்திருந்தேன். மழை வந்து, பெய்து, விட்டது. அவள் முதுகு என் கைக்குக் கீழே மெல்ல மெல்ல ஏறி இறங்க ஆரம்பித்தது.

"கால்ல ரத்தம் வருது பாருங்க" என்றாள்.

மறுநாள் அதிகாரி வந்தார். அவருக்கு முன்னால் அவர் வயிறு வந்தது. பின்னால் தலைமை ஆசிரியர் அமிர்தலிங்கம் மாலையோடு வந்தார். அதிகாரி என் டேப்பை வாங்கித் தாமே அளந்தார். தாமே வகுத்தார்.

"ஒன்று புள்ளி எட்டு வருதே?"

"ஆமாங்க சார். கட்டுரை தப்பு."

அமிர்தலிங்கத்தின் கையில் மாலை தொங்கியது. "என்ன காசிநாதன், திருச்சியிலேருந்து வந்திருக்காங்க. இந்த எட்டு என்ன விகிதம்?"

"விகிதம் இல்லைங்க. என் சம்சாரம் உட்கார்ந்தா தாடை வர்ற உயரம்."

"அது விதி ஆகாதேய்யா. ஒரு ஆளுக்குத்தானே பொருந்தும்?"

"ஒரு ஆளுதாங்க எனக்கு."

அதிகாரிக்கு வேர்த்துக்கொண்டிருந்தது. திருச்சியிலிருந்து வீணாக வந்ததற்கு நியாயமாக அவர் கோபித்திருக்க வேண்டும். அவரோ பெருமூச்சு விட்டு, மெதுவாகத் தரையில் இறங்கி, அம்சவள்ளியின் இடத்தில் உட்கார்ந்து கைகளைக் கட்டையில் வைத்தார். "காத்து ஜம்முனு வருதேய்யா" என்றார். இருபது நிமிஷம் எழுந்திருக்கவில்லை. அமிர்தலிங்கம் அவ்வளவு நேரமும் மாலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். போகும்போது அதிகாரி கொத்தனாரின் விலாசம் கேட்டு வாங்கிக்கொண்டார்.

அன்று சாயங்காலம் ராசாங்கம் கட்டையைப் பூசிக் கொடுக்க வந்தார். கொளஞ்சியம்மாளும் கூட வந்தாள். எங்கள் வீட்டில் இருந்த ஒரே நாற்காலியை நான் எடுத்துப் போட்டேன்.

"உக்காருங்கண்ணே."

கொளஞ்சியம்மாள் புடவைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டாள். "ரெண்டு செங்கல்லு பேத்ததும் சாரு வாயில அண்ணன் வந்துடுச்சு பாரும்மா."

"இன்னும் நாலு பேத்தா அக்காவும் வரும்" என்றாள் அம்சவள்ளி. அதை ஒரே மூச்சில் சொன்னாள்.

அது அப்போதே வந்துவிட்டது. அக்காவுக்கு நானே காப்பி ஆற்றிக் கொடுத்தேன். ராசாங்கம் அண்ணன் நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து, கட்டையை விரலால் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு கேள்வி மட்டும் எனக்கு மிச்சமிருந்தது.

"ஜன்னலை அவளுக்காகத் தாழ்த்தி வச்சீங்க, சரி. வெளியில அந்தப் பட்டை எதுக்குண்ணே? அவ்வளவு மெனக்கெட்டு, ஒரு நூல் பிசகாம?"

அவர் அம்சவள்ளியைப் பார்த்தார். சொல்லலாம் என்பதுபோல அவள் தலையசைத்தாள்.

"எண்ணு வரலேன்னா சாருக்கு ராத்திரி தூக்கம் வராதுன்னு அம்மா சொன்னாங்க" என்றார். "அவங்க மூச்சு வுடணும்தான். நீங்களும் தூங்கணும்ல சார்?"

காப்பியைக் கீழே வைத்தேன். என் பித்துக்கும் நாலு அங்குலம் ஒதுக்கி ஒருவர் வீடு கட்டியிருக்கிறார். அந்த வீட்டில் நான் இரண்டு வருஷம் நிம்மதியாகத் தூங்கி, நன்றியை ஒரு எண்ணுக்குச் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன்.

ராசாங்கம் அண்ணன் எழுந்து கரண்டியைத் துடைத்தார். "கலவை கொஞ்சம் மீந்திருக்கு சார். அந்தப் பட்டையத் திரும்ப இழுத்துடவா?"

"வேண்டாங்கண்ணே" என்றேன். "தூக்கம் வருது."